கோட்டில் ஆணி அடித்தது யார்?

சினிமா தியேட்டரின் வாகன நிறுத்தத்தில் மச்சான் நாலு காலில் தவழ்ந்துகொண்டிருந்தான். வயது முப்பத்தெட்டு. இடுப்பு நாற்பது அங்குலம். அன்று பார்த்து வெளிர்நிற பேண்ட் வேறு. காலைக் காட்சி தொடங்க இன்னும் ஒரு மணி நேரம் இருந்ததால் வண்டிகள் இல்லை. வேடிக்கை பார்க்க வாட்ச்மேன் மட்டும் இருந்தார்.

"என்னப்பா தொலைச்ச?" என்றார் அவர்.

"மானத்தைத்தான். கிடைச்சா சொல்லுங்க."

பத்தடி தள்ளி, நிழல் இருந்த ஒரே இடத்தில் துப்பறிவாளர் நின்றார். அவர் எப்போதும் நிழலில்தான் நிற்பார். வெயிலில் நிற்பதற்குத்தான் மச்சான் இருக்கிறானே. அவர் மனைவிக்கு இவன் ஒரே தம்பி. "அவனுக்கு ஒரு வேலை போட்டுக் குடுங்களேன்" என்று அவள் கேட்ட அன்று துப்பறிவாளர் பதில் சொல்லாமல் பேப்பரைப் புரட்டினார். அதையே சம்மதமாக எடுத்துக்கொண்டு மறுநாள் காலை இவன் ஆபீசில் மேசை போட்டு உட்கார்ந்துவிட்டான். எட்டு வருஷமாகிறது. அந்த மேசையை நகர்த்த யாராலும் முடியவில்லை.

"மாமா, இங்கயும் இருக்கு" என்றான் மச்சான். "இந்த முனையில ஒரு ஓட்டை, அந்த முனையில ஒரு ஓட்டை. எண்ணிக்கிட்டே வரேன், ஒரு கோடுகூட தப்பல. மூணாவது இடம் இது. நம்ம கட்சிக்காரர் நம்மகிட்டயே பூ சுத்தியிருக்காரு."

துப்பறிவாளர் காதோரம் சொருகியிருந்த பல்குத்தும் குச்சியை எடுத்து மறுபடி அதே இடத்தில் சொருகிக்கொண்டார். கவலை வந்தால் அவர் செய்வது இதுதான்.

கவலைப்படாமல் என்ன செய்வார்? நாளை மறுநாள் மேல்கோர்ட்டில் கேஸ். கட்சிக்காரர் தரையில் வெள்ளைக் கோடு போடுகிறவர். ரோடு, கார் நிறுத்தம், விளையாட்டு மைதானம் என்று எங்கே கோடு வேண்டுமானாலும் அவரைத்தான் கூப்பிடுவார்கள். தொழிலில் அவருக்குப் பெயரே நேர்கோடு. போன வருஷம் ரோட்டில் நடுக்கோடு போட்டுக்கொண்டிருந்தபோது பின்னால் வந்த சரக்கு வேன் ஒன்று அவர் இடது காலைப் பதம் பார்த்தது. எலும்பு கூடிவிட்டது. ஆனால் கால் ஓர் அங்குலம் குட்டையாகக் கூடியது. அதற்கப்புறம் பெயிண்ட் வண்டியை அவர் எவ்வளவு கவனமாகத் தள்ளினாலும் கோடு இடது பக்கம் வளைந்தது. ஒரு மருந்துக்கடை வாசலில் அவர் போட்ட கோட்டை நம்பிக் காரை நிறுத்தினவர், கதவைத் திறந்தால் சுவர். பாவம், ஜன்னல் வழியாக இறங்கினார்.

இன்னொரு ஆபரேஷன் செய்தால் காலைச் சரிசெய்துவிடலாம், ஆனால் ஆறு மாதத்துக்குள் செய்ய வேண்டும் என்றார் டாக்டர். கீழ்கோர்ட் கொடுத்த நஷ்டஈட்டில் ஊன்றுகோலும் வலி மாத்திரையும் வாங்கலாம், ஆபரேஷன் கனவிலும் நடக்காது. ஏன் அவ்வளவு குறைவு என்றால், தீர்ப்பிலேயே காரணம் இருந்தது. இந்தத் தொழிலில் எல்லாரும் நூல் போட்டுத்தான் கோடு இழுக்கிறார்கள். இவரும் நூல் போட்டு வேலை செய்யலாமே, இதில் என்ன பெரிய இழப்பு என்று கேட்டுவிட்டது கோர்ட்.

அது எப்படி என்றால், கோட்டின் இரண்டு முனையிலும் ஆணி அடிப்பார்கள். நீலப் பொடி தடவிய நூலை நடுவில் இழுத்துக் கட்டிச் சுண்டுவார்கள். தரையில் விழுகிற நீலத் தடத்தின் மேல் பெயிண்ட் வண்டி ஓடும். அதற்கு இரண்டு ஆள் வேண்டும், இரண்டு மடங்கு நேரம் வேண்டும். நேர்கோடு நூலே போட்டதில்லை என்றாள் அவர் மனைவி. எதிர்முனையைப் பார்ப்பார், வண்டியைத் தள்ளிக்கொண்டு நடப்பார், அவ்வளவுதான். கடை மூடித் திறப்பதற்குள் தனி ஆளாக முடித்துவிடுவார். அதனால்தான் வேலை அவரைத் தேடி வந்தது. அந்த நடையைத்தான் வேன் அடித்துப் போட்டது. இதை நிரூபித்துவிட்டால் மேல்கோர்ட்டில் ஜெயிக்கலாம் என்று அவருடைய வக்கீலம்மா துப்பறிவாளரைப் பிடித்தார்.

துப்பறிவாளரின் யோசனை ரொம்ப எளிமையானது. ஆணியைப் பிடுங்கலாம், ஓட்டையைப் பிடுங்க முடியாது. நேர்கோடு போட்ட பழைய கோடுகளின் முனையில் ஓட்டை இல்லையென்றால் அவர் நூல் போடவில்லை. இந்த யோசனை வந்த சந்தோஷத்தில் முந்தாநாள் அவர் மச்சானுக்கு டீ வாங்கிக் கொடுத்திருந்தார். இப்போது பார்த்தால் போன இடமெல்லாம் ஓட்டை.

"ஓட்டையா?" என்றார் வாட்ச்மேன். "அது போன மாசம் அடிச்சதுப்பா. கோடு போட்டு அஞ்சாறு வருஷம் இருக்கும்."

மச்சான் தவழ்ந்த நிலையிலேயே திரும்பினான். துப்பறிவாளர் முதல் தடவையாக வெயிலுக்கு வந்தார்.

"யார் அடிச்சது?"

"தொப்பி போட்டிருந்தாரு, முகத்துல துணி கட்டியிருந்தாரு. கையில அட்டை வெச்சிருந்தாரு. அட்டை இருந்தா நான் எவனையும் கேள்வி கேக்கறதில்ல சார். 'பராமரிப்பு'ன்னு சொன்னாரு. ஸ்கூட்டர்லயே கோட்டுக்குக் கோடு போய், இறங்கி உக்காந்து, டொக்கு டொக்குன்னு அடிச்சு ஆணியைப் பிடுங்கிக்கிட்டாரு."

"முகம்?"

"அதான் துணி கட்டியிருந்தாருன்னேனே."

மச்சானுக்கு மூளையில் பல்ப் எரிந்தது. அது எரிகிற நாட்களில் அடுத்தவர்களுக்கு ஏதாவது சேதாரம் ஆகும். "மாமா, புரிஞ்சுபோச்சு. நம்ம ஆளு நூல் போட்டாருன்னு காட்டறதால யாருக்கு லாபம்? நஷ்டஈடு குடுக்க வேண்டிய வேனோட இன்சூரன்ஸ் கம்பெனிக்கு. அவங்க விசாரணை ஆளு சந்தேகம் சார் என்ன வண்டி ஓட்டறாரு? ஸ்கூட்டர்."

"இந்த ஊர்ல பாதிப்பேர் ஸ்கூட்டர்தான் ஓட்டறாங்க."

"பாதிப்பேரு ஆணி அடிக்கலையே."

துப்பறிவாளருக்கு அதற்குப் பதில் கிடைப்பதற்குள் மச்சான் வண்டியைக் கிளப்பிவிட்டான்.

இன்சூரன்ஸ் ஆபீஸ் மூன்றாவது மாடி. லிஃப்ட் ரிப்பேர். சந்தேகம் சார் என்று அந்த வட்டாரமே அழைக்கும் விசாரணை அதிகாரி, ஃபைல் அலமாரிக்கும் சுவருக்கும் நடுவில் ஒடுங்கி உட்கார்ந்திருந்தார். யார் அழுதாலும் கண்ணில் வெங்காயம் தேய்த்தானா என்று பார்க்கிற ஆள். சொந்தக் கல்யாணத்தில் பெண் வீட்டாரிடம் பெண்ணின் அடையாள அட்டை கேட்டவர் என்று பேச்சு.

"வாங்க, உக்காருங்க" என்றார். "என்ன விஷயமா வந்தீங்கன்னு நான் கேக்க மாட்டேன். நீங்களா சொல்லிடுவீங்க."

"சும்மா இந்தப் பக்கம் வந்தோம்" என்று துப்பறிவாளர் ஆரம்பித்தார்.

மச்சானுக்கு மூன்று மாடி ஏறிய மூச்சு வாங்கியது, கோபமும் வந்தது. "நடிக்காதீங்க சார். நேர்கோடு போட்ட கோட்டு முனையிலெல்லாம் ஆணி அடிச்சு ஓட்டை போட்டுட்டு, அவர் நூல் போட்டுத்தான் வேலை செஞ்சாருன்னு கோர்ட்ல காட்டப் பாக்கறீங்க. எங்களுக்குத் தெரியாதுன்னு நினைச்சீங்களா?"

சந்தேகம் சார் கையிலிருந்த பேனாவை மெதுவாக மேசையில் வைத்தார். அவர் முகத்தில் திருட்டுமுழி இல்லை. முகம் மலர்ந்துகொண்டே வந்தது.

"கோட்டு முனையில ஆணி ஓட்டை இருக்கா?" என்றார். "எல்லாக் கோட்டுலயுமா?"

மச்சான் துப்பறிவாளரைப் பார்த்தான். துப்பறிவாளர் கூரையைப் பார்த்தார்.

"எனக்கு இது தோணவே இல்ல பாருங்க" என்றபடி சந்தேகம் சார் போனை எடுத்தார். "ஹலோ, ஸ்டுடியோவா? நல்ல கேமராவோட ஒருத்தரை உடனே அனுப்புங்க. முழுக் கோடு ஒண்ணு, முனை கிட்டத்துல ஒண்ணுன்னு எடுக்கணும். ஓட்டை பளிச்சுன்னு தெரியணும். ஆமா, ஓட்டை." போனை வைத்துவிட்டு மச்சானின் கையைப் பிடித்துக் குலுக்கினார். "தம்பி, ரொம்ப நன்றி. டீ சாப்பிடறீங்களா?"

இரண்டு மாடி இறங்கிய பிறகு மச்சான் மெதுவாக ஆரம்பித்தான்.

"மாமா..."

"உங்க அக்கா முகத்துக்காக உன்னை மன்னிச்சுட்டேன்" என்றார் துப்பறிவாளர். "என் முகத்துக்காக மன்னிக்க ரெண்டு நாள் ஆகும். அதுவரைக்கும் பேசாம வா."

மச்சானுக்கு அழுகை வராத குறை. ஓட்டை வாய் என்று அக்கா சின்ன வயசிலிருந்து திட்டுவாள். அப்போதெல்லாம் சிரித்துவிட்டுப் போவான். இன்றைக்கு இவன் வாயால் ஒரு மனிதருடைய கால் போகப்போகிறது. அந்த மனிதர் வீட்டில் போனவாரம் இவன் ஒரு வாய் தண்ணீர் கேட்டபோது, நேர்கோடு தானே எழுந்து சாய்ந்து சாய்ந்து நடந்துபோய்க் கொண்டுவந்து கொடுத்தார். அது இப்போது ஞாபகம் வந்தது.

மத்தியானம் இரண்டு மணிக்கு மறுபடி தியேட்டர். இந்தத் தடவை நாலு காலில் இருந்தவர் துப்பறிவாளர். காட்சி ஓடிக்கொண்டிருந்ததால் வண்டிகளின் சந்துக்குள் நுழைந்து நுழைந்து போனார். பல்குத்தும் குச்சியை ஓட்டைக்குள் விட்டுச் சுரண்டி, கையில் கொட்டிப் பார்த்தார். சாம்பல் நிறச் சிமெண்ட் தூள், துளிப் பெயிண்ட் இல்லை.

"கோடு போடறதுக்கு முன்னாடியே ஆணி அடிச்சிருந்தா பெயிண்ட் உள்ள இறங்கியிருக்கும்" என்றார். "எல்லா ஓட்டையும் பெயிண்டைப் பொத்துக்கிட்டுப் போயிருக்கு. வாட்ச்மேன் சொன்னது சரி. பெயிண்ட் இறங்கின பழைய ஓட்டை வேற ஒண்ணுகூட இல்ல. ஆக, நேர்கோடு நூல் போடல."

"அப்ப தப்பிச்சோமா?" இரண்டு நாள் பேசக்கூடாது என்பதை மச்சான் மறந்துவிட்டான்.

"யார் அடிச்சதுன்னு கேப்பாங்க. தெரியாதுன்னு சொன்னா, அவங்க மேல பழி போடறதுக்கு நாமளே அடிச்சோம்னு கதை கட்டுவாரு சந்தேகம் சார். இங்க வா. இதைப் பாரு, என்ன தெரியுது?"

மச்சான் குனிந்தான். "கோடு."

"என்ன நிறம்?"

"வெள்ளை. பழைய வெள்ளை. பல்லு விளக்காத வெள்ளை."

"ஓட்டையைச் சுத்தி?"

மச்சான் மூக்கு தரையில் படுகிற அளவுக்குக் குனிந்தான். ஆணி அடித்ததில் சிமெண்ட் பெயர்ந்து கோட்டின் ஓரம் கொஞ்சம் உடைந்திருந்தது. உடைந்த இடத்தில் யாரோ சின்ன பிரஷ்ஷால் புதுப் பெயிண்ட் தொட்டு வைத்து, ஓரத்தைப் பழையபடி நேராக்கியிருந்தார்கள். அடுத்த ஓட்டைக்கு ஓடினான். அங்கேயும் அப்படித்தான். உடையாத இடங்களில் புதுப் பெயிண்ட் இல்லை. உடைந்த இடம் ஒன்றுகூட விட்டுப்போகவில்லை.

"கெடுக்க வந்தவன் எதுக்கு மாமா ரிப்பேர் பண்ணிட்டுப் போறான்?"

"அதைத்தான் நானும் கேக்கறேன். ராத்திரி திருட வந்தவன் வீட்டைப் பெருக்கிட்டுப் போவானா? ஆணி அடிக்கணும்னு வந்திருக்கான். ஆனா கோடு உடைஞ்சதும் அவனுக்குப் பொறுக்கல. இந்த ஊர்ல ஒரு கோடு ஓரத்துல உடைஞ்சா மனசு உடையற ஆளு எத்தனை பேர் இருக்காங்க?"

மச்சான் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டான். "ஐயோ" என்றான் மெதுவாக. "ஒரே ஒருத்தர்தான்."

நேர்கோட்டின் வீடு இரண்டு அறை. வாசலில் செருப்புகள் ஒரே வரிசையில், முனையோடு முனை சேர்த்து வைக்கப்பட்டிருந்தன. கொடியில் துணிகள் ஒரே அளவில் தொங்கின. சுவரில் காலண்டர் மட்டும் கொஞ்சம் சாய்ந்திருந்தது. விபத்துக்கப்புறம் அவரால் ஸ்டூலில் ஏற முடியவில்லை. மனைவி துணி மடித்துக்கொண்டிருந்தாள். அவர் இடது காலை நாற்காலியில் நீட்டி உட்கார்ந்திருந்தார்.

"நாளன்னைக்கு ஜெயிச்சுடுவோமா சார்?" என்று கேட்டாள்.

துப்பறிவாளர் நேர்கோட்டைப் பார்த்து, "எத்தனை இடத்துல அடிச்சீங்க?" என்றார்.

நேர்கோடு தன் காலைப் பார்த்தார், கொடியைப் பார்த்தார், கடைசியில் தரையைப் பார்த்தார்.

"பதினாறு" என்றார்.

"என்ன பதினாறு?" என்றாள் மனைவி. "என்ன அடிச்சீங்க?"

"பழைய வேலை நடந்த இடத்துலெல்லாம் ஆணி அடிச்சேன்."

"எப்ப?"

"பிஸியோதெரபிக்குப் போறேன்னு சொல்லிட்டு, நாளைக்கு ஒரு இடமா..."

"பதினாறு நாளும் தைலம் தேய்ச்சு அனுப்பினேன் நான். ஸ்கூட்டர்ல ஏத்திவிட்டேன். மேல்வலின்னு வந்து படுத்தா ஒத்தடம் குடுத்தேன். கால் குணமாகுதுன்னு எங்க அம்மாகிட்டச் சொல்லிச் சந்தோஷப்பட்டேன்." அவள் கையிலிருந்த சட்டையை மடிக்கிறாளா பிழிகிறாளா என்று தெரியவில்லை. "உங்க கேஸுக்கு நீங்களே ஆணி அடிச்சுட்டு வந்தீங்களா?"

"எனக்கு என்ன தெரியும்? வக்கீலம்மா ஆபீஸ்ல உக்காந்திருந்தப்ப எதிராளி குடுத்த பேப்பர் மேசையில கிடந்துச்சு. 'விதிப்படி நூல் கட்டாயம்'னு கொட்டை எழுத்துல போட்டிருந்தான். நான் இருபத்திரண்டு வருஷமா நூல் போட்டதே இல்ல. விதியை மீறினவன்னு தெரிஞ்சா குடுத்ததையும் பிடுங்கிக்குவாங்கன்னு பயந்துட்டேன். ஆபரேஷனும் போச்சு, இனிமே ஒருத்தனும் வேலைக்குக் கூப்பிட மாட்டான். அதான் நூல் போட்ட மாதிரி இருக்கட்டும்னு..."

வக்கீல்கள் கட்சிக்காரரிடம் கேஸை விளக்குவது எங்கேயும் வழக்கமில்லை. 'நீங்க பேசாம டாக்டர் சர்டிபிகேட்டோட வாங்க' என்று சொல்லி அனுப்பிவிட்டார் வக்கீலம்மா. நூல் போடாததுதான் தன்னுடைய ஒரே ஆயுதம் என்று பாவம் இவருக்கு யாரும் சொல்லவில்லை. மச்சானுக்குச் சிரிப்பு வந்தது. அந்த மனிதரின் முகத்தைப் பார்த்ததும் அடங்கிவிட்டது.

"கோர்ட்ல இதைச் சொல்லணும்" என்றார் துப்பறிவாளர். "ஆணி அடிச்சது நான், நூல் போடாததும் நான்னு ரெண்டையும் நீங்களே எழுந்து சொல்லணும்."

"விதியை மீறினேன்னு நானே சொல்லவா?"

"ஆமா."

"சொல்லமாட்டேன்" என்றார் நேர்கோடு.

"சொல்லுவாரு" என்றாள் மனைவி.

மேல்முறையீட்டில் புதுச் சாட்சி கேட்பது அபூர்வம். வக்கீலம்மா மனுப் போட்டுக் கெஞ்சி அனுமதி வாங்கியிருந்தார். எதிர்த்தரப்பு வக்கீல் கல்யாண ஆல்பம் அளவுக்குப் போட்டோக்களோடு வந்திருந்தார். பின்வரிசையில் சந்தேகம் சார் மச்சானுக்குக் கையசைத்தார். மச்சான் காணாததுபோல் மின்விசிறியைப் பார்த்தான்.

"ஒவ்வொரு கோட்டிலும் ஆணி ஓட்டை, கனம் நீதிபதி அவர்களே" என்றார் எதிர்த்தரப்பு வக்கீல். "எல்லாரையும் போல இவரும் நூல் போட்டவர்தான். இழந்தது ஒன்றுமில்லை."

நீதிபதி கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு போட்டோக்களைப் புரட்டினார். "இந்த ஓட்டை எல்லாம் யார் அடிச்சது?"

நேர்கோடு எழுந்தார். எழுந்ததில் இடதுபக்கம் சாய்ந்து, பெஞ்சைப் பிடித்துக்கொண்டார். "நாந்தாங்க. போன மாசம் அடிச்சேன். கோடு போட்டப்ப நூலும் இல்ல, ஆணியும் இல்லீங்க. அது விதிக்கு விரோதம்னு பயந்து, அப்புறமா போய் அடிச்சேன்."

கோர்ட்டில் யாரோ கனைத்தார்கள். எதிர்த்தரப்பு வக்கீல் துள்ளி எழுந்தார். "இப்போது இப்படிச் சொல்வார். இதற்கு என்ன ஆதாரம்?"

"நீங்க கொண்டுவந்திருக்கீங்களே" என்றார் வக்கீலம்மா. "ரொம்பக் கிட்டத்துல எடுத்திருக்கீங்க, நன்றி. ஓட்டைக்குள்ள சிமெண்ட் தெரியுது, பெயிண்ட் இல்ல. உடைஞ்ச ஓரத்துல புதுப் பெயிண்ட் தெரியுது."

நீதிபதி ஒரு போட்டோவை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். "அடிச்ச அப்புறம் எதுக்குப் பெயிண்ட் வெச்சீங்க?"

"ஓரம் பேந்துடுச்சுங்க."

"அதனால மாட்டிக்குவோம்னு தோணலையா?"

"தோணுச்சுங்க." நேர்கோடு கொஞ்சம் தயங்கினார். "கோட்டை அப்படி அசிங்கமா விட்டுட்டு வர மனசு வரலீங்க."

நீதிபதி எதிர்த்தரப்பு வக்கீலைக் கூப்பிட்டு ஒரு ஸ்கேலை நீட்டினார். "முழுக் கோடு தெரியற போட்டோவுல, கோட்டு மேல வெச்சுப் பாருங்க. எங்கயாவது விலகுதா?"

"இல்லை."

"அடுத்தது?"

"இல்லை, கனம் நீதிபதி அவர்களே."

ஏழு போட்டோ ஆயிற்று. எட்டாவதை எடுக்கும்போது நீதிபதி கையமர்த்தினார். "நூல் போடணும்னு விதி எதுக்கு? கோடு நேரா வரணும்னுதானே? இருபத்திரண்டு வருஷம் அந்த நூல் இவர் காலுக்குள்ள இருந்திருக்கு. உங்க வேன் அதை அறுத்துப்போட்டுட்டு, கடையில வேற நூல் வாங்கிக்கோன்னு சொல்றீங்க."

மத்தியானமே தீர்ப்பு வந்தது. ஆபரேஷன் செலவு முழுவதும், இத்தனை நாள் இழந்த வருமானமும் இன்சூரன்ஸ் கம்பெனி கொடுக்க வேண்டும். சந்தேகம் சார் தீர்ப்பை இரண்டு தடவை படித்துவிட்டு, முத்திரை அசல்தானா என்று விரலால் தேய்த்துப் பார்த்தார்.

வெளியே வரும்போது நேர்கோட்டின் மனைவி அழுதுகொண்டே அவரைத் திட்டினாள். மச்சானும் அழுதான். அவனைத் திட்ட ஆள் இல்லாததால் துப்பறிவாளர் அந்த வேலையை எடுத்துக்கொண்டார். படியிறங்கியதும் நேர்கோடு சட்டென்று நின்றுவிட்டார். கோர்ட் முற்றத்தில் கார்களுக்குப் போட்டிருந்த கோடுகளில் ஒன்று நடுவில் லேசாக நெளிந்திருந்தது. மற்றவர்கள் கண்ணுக்கு அது தெரியக்கூட இல்லை.

"வாங்க போலாம், நல்ல நாளும் அதுவுமா" என்று மனைவி கையைப் பிடித்து இழுத்தாள்.

"இரு." அவர் அந்தக் கோட்டருகில் சாய்ந்து சாய்ந்து போய் நின்று, இந்த முனையிலிருந்து அந்த முனைவரை பார்த்தார். ஒரு வருஷமாக அந்த முகத்தில் இல்லாத ஒரு திமிர் வந்திருந்தது. "கால் சரியாகட்டும்" என்றார் கோட்டிடம். "முதல்ல உன்கிட்டதான் வரேன்."